ஒர்சோலாவின் உதடுகள்

ரோம்
9 நவம்பர் 1972

நெரினா,

உறையில் என் கையெழுத்தைப் பார்த்தால் திறக்காமலே அடுப்பில் போட்டுவிடுவாய் என்று முகவரியை நாந்தோவை எழுதச் சொன்னேன். எடிட்டிங் மேசையை விட்டு எழுந்துபோய் யாரிடமும் சண்டை போட அவனுக்கு நேரம் இருந்ததில்லை. அவன்மேல் உனக்குக் கோபம் இருக்காது.

ஒர்சோலா போய்விட்டாள். பத்திரிகையில் பார்த்திருப்பாய். போன மாதம் ஒரு காலை, சமையலறையில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தவள் அப்படியே சாய்ந்துவிட்டாள். தலைக்குள் இரத்தக் குழாய் வெடித்தது என்றார்கள். மறுநாள் படப்பிடிப்புக்கு அவளை ஏற்றிவர வேண்டிய வேனில்தான் நாங்கள் எல்லோரும் அடக்கத்துக்குப் போனோம். மேக்கப் பெட்டிகளைக் காலடியில் வைத்துக்கொண்டு.

'ஈர மாளிகையின் விதவை' பாதிக்கு மேல் முடிந்திருக்கிறது. என் வழக்கம் உனக்குத் தெரியும். முதலில் போஸ்டர் அச்சாகும், போஸ்டரைக் காட்டி வினியோகஸ்தரைப் பிடிப்பேன், அப்புறம்தான் கதை என்று ஒன்று இருக்கிறதா என்று தேடுவேன். இந்த முறையும் போஸ்டரில் அவள் முகம்தான், ஆளுயரத்துக்கு. மீதிக் காட்சிகளுக்கு வேறொரு பெண்ணை முதுகுப் பக்கம் காட்டிப் புகைமூட்டத்தில் நடக்கவைத்துவிடுவேன். அந்த வித்தையெல்லாம் எனக்குக் கைவந்தது. குரலுக்குத்தான் வழியில்லை.

நீ போன பிறகு இரண்டு படத்துக்கு ஒரு சின்னப் பெண்ணை வைத்துப் பேசவைத்தேன். நேப்பிள்ஸில் ஒர்சோலா கல்லறையிலிருந்து எழுந்து வாயைத் திறந்ததும் தியேட்டரே சிரித்தது. பூனைக்குட்டி கத்துவதுபோல இருந்ததாம். பத்து வருஷமாக இத்தாலி முழுக்க அந்த முகத்திலிருந்து உன் குரல்தான் வந்தது. ஒர்சோலாவின் சொந்தக் குரல் எப்படி இருக்கும் என்று யாருக்குமே தெரியாது. ஜனங்களுக்கு நீதான் அவள்.

வருவாயா? இந்தப் படம் நின்றால் என் கம்பெனியும் நின்றுவிடும். இதை நான் உன்னிடம் இதற்கு முன் சொன்னதில்லை.

எத்தோரே

&nbsp;

திரியெஸ்தே
16 நவம்பர் 1972

திரு. எத்தோரே பல்லார்தி அவர்களுக்கு,

நாந்தோவின் கையெழுத்து என்று நம்பித்தான் திறந்தேன். இதிலும் ஒரு வித்தை.

பத்திரிகையில் பார்த்தேன். இறந்தவளின் படம் என்று அவர்கள் போட்டிருந்தது உங்கள் படத்தில் அவள் சவப்பெட்டிக்குள் படுத்திருக்கும் படம். அவள் உயிரோடு இருக்கும் ஒரு புகைப்படம்கூடப் பத்திரிகைக்காரனுக்குக் கிடைக்கவில்லை. அந்தச் சவப்பெட்டிக் காட்சிக்குப் பெருமூச்சு விட்டவள் நான். தீயில் வெந்தபோது கதறியவள், கிணற்றில் விழுந்தபோது அலறியவள், சுவருக்குள் வைத்துப் பூசியபோது முனகியவள், எல்லாம் நானே. அவள் சாவதற்கெல்லாம் நான்தான் குரல் கொடுத்தேன். உண்மையில் செத்தபோது சத்தமே போடவில்லை என்கிறீர்கள்.

என் பெயரையும் திரையில் போடுங்கள் என்று நான் கேட்ட அன்று டப்பிங் கூடத்து வாசலில் எல்லோர் முன்னாலும் என்ன சொன்னீர்கள் என்று நினைவிருக்கிறதா? "குரலுக்காக எவனாவது டிக்கெட் வாங்குவானாம்மா?" என்றீர்கள். இலெக்ட்ரீஷியன்கள் சிரித்தார்கள். நான் என் கோட்டை எடுத்துக்கொண்டு ரயிலேறினேன்.

இப்போது இங்கே என் அக்கா வீட்டில் இருக்கிறேன். பெரிய துணிக்கடையில் ஒலிபெருக்கியில் பேசும் வேலை. இரண்டாவது மாடியில் குளிர்கால மேலங்கிகள் என்பேன், பச்சைத் தொப்பி போட்ட குழந்தை தன் அம்மாவைத் தேடுகிறது என்பேன். அம்மாக்கள் ஓடிவருவார்கள். உங்கள் படங்களில் நான் பேசியதைக் கேட்டு யாரும் ஓடிவந்ததில்லை.

உயிரோடு இருந்தவளுக்குக் குரல் கொடுப்பது தொழில். செத்தவள் வாயில் என் குரலை ஊற்றுவதற்கு வேறு பெயர் இருக்கிறது. வர மாட்டேன்.

நெரினா கம்பால்தி

&nbsp;

ரோம்
22 நவம்பர் 1972

நெரினா,

நீ திட்டியதெல்லாம் சரி. அதற்குப் பதில் எழுத உட்காரவில்லை. வேறொன்று நடந்திருக்கிறது. நாந்தோவையும் என்னையும் தவிர யாருக்கும் தெரியாது.

கடைசியாக எடுத்த சுருள்களை நேற்று எடிட்டிங் மேசையில் ஓட்டிப் பார்த்தோம். நம் கேமரா காபி அரைக்கும் மிஷின் மாதிரி இரைவதால் நான் ஒருநாளும் ஒலிப்பதிவு செய்ததில்லை. வாயை அசைத்தால் போதும், ஒன்று இரண்டு என்று எண்ணுங்கள், இல்லை ஜெபத்தையாவது சொல்லுங்கள் என்றுதான் நடிகர்களிடம் சொல்வேன். பாதிப் பேர் எண்ணுவார்கள். அந்த ஜெர்மன்காரன் மதியச் சாப்பாட்டைச் சொல்லிக்கொண்டிருப்பான். அதனால் ஒர்சோலாவின் உதடுகள் வசனத்தோடு ஒத்துப்போகாததில் எனக்கு ஆச்சரியம் இல்லை.

ஆனால் அவள் எண்ணவில்லை, நெரினா. அவள் யாரிடமோ பேசுகிறாள். நிறுத்தி, யோசித்து, ஒருமுறை லேசாகச் சிரித்து, மறுபடி பேசுகிறாள். கேமராவின் கண்ணாடிக்குள் ஒரு ஆள் உட்கார்ந்திருப்பதுபோல அதைப் பார்த்துப் பேசுகிறாள். அறையில் படம் ஓடும் கிறுகிறு சத்தத்தைத் தவிர ஒன்றுமில்லை. நாந்தோ எழுந்துபோய் ஜன்னலைத் திறந்தான். "எண்ணுறா மாதிரிதான் இருக்கு சார்" என்றான். அவனுக்கே நம்பிக்கை இல்லை.

இருபது வருஷமாகப் படம் எடுக்கிறேன். முதலில் செருப்பும் வாளுமாக ரோமானிய வீரர்கள், அந்த மவுசு போனதும் மந்திரவாதிகள், பிறகு இந்த விதவைகள். திரையில் என்னை ஹெக்டர் பால்மர் என்று போட்டுக்கொண்டு ஆங்கிலேயன் எடுத்த படம் என்று ஊரை நம்பவைத்தேன். ஒரு பேய்க்கும் நான் பயந்ததில்லை, ஏனென்றால் ஒவ்வொன்றுக்கும் எவ்வளவு சல்லாத் துணி ஆனது என்று எனக்குத் தெரியும். நேற்று பயந்தேன்.

அந்தக் கடைசி நாளில் அவள் நடுவே நடுவே நெற்றிப்பொட்டில் கையை வைத்தாள். எனக்கு அது பிடித்திருந்தது. "அப்படியே செய்" என்றேன். அவள் வலியைச் சொல்லிக்கொண்டு இருந்திருந்தால்? எங்களில் யாருக்கும் காதில் விழாததால் "இன்னொரு தடவை" என்று நான் கத்தியிருந்தால்?

அந்த வாயைப் படிக்கத் தெரிந்தவள் நீ ஒருத்திதான். படத்துக்குக் குரல் வேண்டாம். அவள் சொன்னது என்ன என்று மட்டும் பார்த்துச் சொல். மீதிக் காட்சிகளுக்காக நான் திங்கட்கிழமை யுகோஸ்லாவியாவுக்குப் போகிறேன். என் முகத்தைப் பார்க்க வேண்டியிருக்காது. சாவி நாந்தோவிடம்.

எத்தோரே

&nbsp;

ரோம்
5 டிசம்பர் 1972

எத்தோரே,

வந்தேன். உங்களுக்காக அல்ல.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் மற்றது புரியாது. ஒர்சோலா எப்போதும் என்னிடம்தான் பேசினாள்.

அவளை வைத்து நீங்கள் எடுத்த இரண்டாவது படத்தில் அவளை விறகின்மேல் கட்டிவைத்து எரிக்கிற காட்சி. டப்பிங் கூடத்தில் அந்தத் துண்டு ஃபிலிமை வளையமாக ஒட்டி ஓடவிட்டிருந்தார்கள். ஒரே முகம், ஒரே அசைவு, திரும்பத் திரும்ப. வசனம் 'உங்கள் குலம் அழியட்டும்'. நான் என்ன செய்தாலும் உதட்டோடு பொருந்தவில்லை. சலித்துப்போய் வசனத்தாளை மூடி வைத்துவிட்டு உதட்டை மட்டும் பார்த்தேன். அவள் சொல்லிக்கொண்டிருந்தது: "நெரினா, உனக்காவது காபி குடுத்தாங்களா? இங்க விறகு பூரா ஈரம்."

நான் அவளைப் பார்த்ததுகூட இல்லை. டப்பிங் செய்கிறவளின் பெயரை யாரிடமோ கேட்டு வைத்திருக்கிறாள்.

அதன்பிறகு ஒவ்வொரு படத்திலும் எங்காவது ஓரிடத்தில் எனக்கு ஒரு சேதி இருக்கும். புருஷன் போய்விட்டான் என்பாள். காலணி கடிக்கிறது என்பாள். உங்களைப் பற்றி நிறையச் சொல்லியிருக்கிறாள், அதை எழுத மாட்டேன். பதிலுக்கு நான் எதுவும் பேச முடியாது, உங்கள் வசனத்தைத்தான் பேச வேண்டும். ஆனால் வசனத்தின் கடைசியில் ஒரு மூச்சையோ, வேண்டாத ஒரு சிறு சிரிப்பையோ விட்டுவைப்பேன். படம் வெளிவந்ததும் அவள் தியேட்டரில் உட்கார்ந்து அதைக் கேட்பாள். அடுத்த படத்தில், "சிரிச்சியே, கேட்டுச்சு" என்பாள்.

நேரில் ஒரே ஒரு முறை சந்தித்தோம், கூடத்துப் படிக்கட்டில். இரண்டு பேருக்கும் வெட்கம். மழை வரும்போல இருக்கிறது என்று அவள் சொன்னாள். ஆமாம் என்றேன். அவ்வளவுதான்.

நான் ரோமைவிட்டுப் போனபோது இதை நினைத்துப் பார்த்திருக்க வேண்டும். நினைக்கவில்லை. நேற்று நாந்தோவிடம் கேட்டு, நான் பேசாத அந்த இரண்டு படங்களையும் ஓட்டச் சொன்னேன். அவற்றிலும் பேசியிருக்கிறாள். "இன்னிக்கு வேற யாரோ பேசப் போறாளாம். நான் உன்கிட்டதான் சொல்லுவேன், நீ எப்பவாச்சும் பாப்ப" என்கிறாள். ஒரு இடத்தில் வெறுமனே "இருக்கியா?" என்கிறாள். அந்த இடத்தில் எனக்குப் பதிலாகப் பேசிய அந்தப் பெண் 'இரத்தம் வேண்டும்' என்று பேசி வைத்திருக்கிறது.

கடைசிச் சுருள்களையும் பார்த்துவிட்டேன். அவள் உங்களிடம் எதையும் கேட்கவில்லை. அதை மட்டும் எடுத்துக்கொண்டு நிம்மதியாக இருங்கள். மற்றது எனக்குச் சொன்னது. யாரிடமும் சொல்லாதே என்று சொல்லியிருக்கிறாள்.

நெரினா

&nbsp;

க்ராப்பினா
11 டிசம்பர் 1972

நெரினா,

உன் கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு, நாங்கள் படம் எடுக்கும் பழைய கோட்டையின் வாசலிலேயே உட்கார்ந்துவிட்டேன். படிக்கட்டில் பனி. காவல்காரரின் மனைவி வந்து முதுகில் கம்பளியைப் போட்டுவிட்டுப் போனாள்.

பத்து வருஷம். என் கேமரா, என் விளக்கு, என் ஃபிலிம். அதில் நீங்கள் இருவரும் எனக்குத் தெரியாமல் குடித்தனம் நடத்தியிருக்கிறீர்கள். கோபம் வருகிறதா என்று பார்த்தேன். வரவில்லை. அவளை ஆயிரம் முறை முகத்துக்கு நேரே விளக்குப் போட்டுப் பார்த்தவன், ஒரு முறைகூட அவளைப் பார்க்கவில்லை என்றுதான் தோன்றுகிறது.

இங்கே வேலை நடக்கவில்லை. ஸாக்ரெபிலிருந்து ஒரு பெண்ணை வரவழைத்தேன். அதே உயரம், அதே தோள். ஒர்சோலாவின் சாம்பல் நிற அங்கியை மாட்டி, புகையைக் கிளப்பி, தாழ்வாரத்தில் நடக்கச் சொன்னேன். நன்றாக நடந்தது அந்தப் பெண். அதுதான் பிரச்சினை. விளக்குப் பிடிப்பவன் சிலுவை போட்டுக்கொண்டான். மேக்கப் போடும் மார்செல்லா விக்கைத் தொட மாட்டேன் என்றுவிட்டாள். "அதுல அவ முடி ரெண்டு ஒட்டியிருக்கு, எத்தோரே. நான் பொறுக்கிப் போடணுமா?" என்றாள். நேற்று தாழ்வாரத்தின் முனையில் அந்தப் பெண் திரும்பாமல் நின்றிருந்தபோது என்னை அறியாமல் "ஒர்சோலா, போதும், வந்துடு" என்று கூப்பிட்டேன். யாரும் சிரிக்கவில்லை.

நெரினா, யாரிடமும் சொல்லாதே என்றாள் என்கிறாயே, அந்த 'யாரிடமும்' நான்தானே? வலித்திருக்கிறது. அதை மறைத்திருக்கிறாள். அவள் செத்துக்கொண்டிருந்ததைப் படம் எடுத்து, அதற்கு டிக்கெட் விற்கப் போகிறேனா? என் தொழிலில் எவ்வளவோ செய்திருக்கிறேன், இதை மட்டும் செய்ய மாட்டேன். நெகட்டிவை எரித்துவிடுமாறு நாந்தோவுக்கு எழுதப்போகிறேன். கம்பெனி போனால் போகட்டும். தெரியாமல் எரிப்பதைவிடத் தெரிந்து எரித்தால் நல்லது என்பதால் உன்னை ஒருமுறை கேட்கிறேன். பதில் வரும்வரை கேமராவை மூடி வைத்திருக்கிறேன்.

உன் பெயரைப் பற்றி: திரையில் வரும். உன் சொந்தப் பெயர், நான் கண்டுபிடித்த ஆங்கிலப் பெயர் அல்ல. படமே இல்லாமல் போகப்போகிற நேரத்தில் இதைச் சொல்வது எவ்வளவு கேவலம் என்று தெரிகிறது. இருந்தாலும் சொல்கிறேன்.

எத்தோரே

&nbsp;

ரோம்
17 டிசம்பர் 1972

எத்தோரே,

எரிக்காதீர்கள். இந்தக் கடிதம் கிடைத்த உடனே நாந்தோவுக்குத் தந்தி அடியுங்கள். அவன் உங்கள் பேச்சைக் கேட்டே பழகியவன்.

சொல்லாதே என்றவள் அதற்குக் காரணமும் சொன்னாள். இப்போது சொல்லாவிட்டால் அந்தக் காரணமே பாழாகிவிடும். அதனால் சொல்கிறேன்.

கிணற்றடிக் காட்சியில் இதைச் சொல்கிறாள். அவள் சொன்னபடியே எழுதுகிறேன்: "நெரினா, தலைக்குள்ள ஒரு குழாய் வீங்கியிருக்காம். எப்ப வேணா வெடிக்கலாமாம். அறுத்து எடுக்கலாம், ஆனா பேச்சு போயிடும், முகம் ஒரு பக்கமா கோணிக்கும்னு டாக்டர் சொல்றாரு. பேச்சு போனா போகுது, அதுக்கு நீ இருக்க. முகத்துக்கு யாரு இருக்கா?" இதைச் சொல்லிவிட்டுத்தான் அந்தச் சிரிப்பு. நீங்களும் நாந்தோவும் பார்த்து மிரண்ட சிரிப்பு.

அப்புறம் சாப்பாட்டு மேசைக் காட்சி. "எத்தோரேகிட்ட சொல்லாத. சொன்னா படத்த நிறுத்திடுவான். அவன் பாக்கத்தான் முரடு. நிறுத்திட்டா இந்தக் குளிர்காலத்துல மார்செல்லா வீட்டுல அடுப்பு எரியாது, லைட்டுக்காரங்க வீட்டுல எரியாது. எனக்கும் வீட்டுல சும்மா படுத்துக் கெடந்து கூரையப் பாத்துச் சாக வேணாம். நான் விழுந்துட்டா மிச்சத்த நீ வந்து பேசு. அந்தப் பூனைக்குட்டிகிட்ட என்னை விட்டுடாத."

இவ்வளவுதான். அவளுக்குத் தெரிந்திருந்தது. நீங்கள் 'இன்னொரு தடவை' என்று கத்தியபோதெல்லாம் அவள் அதை விரும்பித்தான் செய்தாள். நீங்கள் அவளைக் கொல்லவில்லை, எத்தோரே. அவளுடைய கடைசி வேலையைக் கொடுத்திருக்கிறீர்கள், தெரியாமலே.

என்னைப் பற்றி எனக்குத்தான் ஆறுதல் சொல்லிக்கொள்ளத் தெரியவில்லை. இதையெல்லாம் அவள் சொன்னது சாவதற்குச் சில வாரங்கள் முன்பு. நான் துணிக்கடையில் தொப்பி போட்ட குழந்தைகளைப் பற்றி அறிவித்துக்கொண்டிருந்தேன்.

நாளை மறுநாளிலிருந்து பேசத் தொடங்குகிறேன். டப்பிங் கூடத்தை முன்பதிவு செய்தாகிவிட்டது. பெயரைத் திரையில் போடுங்கள். வேண்டாம் என்று சொல்லும் அளவுக்கு நான் பெரிய மனுஷி அல்ல.

ஒரு காட்சி மட்டும் மீதி. மாளிகை ஜன்னலில் அவள் நின்று திரும்பிப் பார்க்கும் கடைசிக் காட்சி. வசனம் 'இனி இந்த வீட்டில் யாரும் உறங்க மாட்டார்கள்'. அவள் சொல்வது அதைவிடச் சின்னது, எனக்கும் படிக்க முடியவில்லை. அவளுடைய மலை ஊர்ப் பேச்சாக இருக்க வேண்டும். இரண்டு நாளாக அந்த வளையத்தைப் பார்க்கிறேன். என்னைப் பார்த்துச் சொல்வதுபோலவும் இல்லை. அங்கே என்ன பேசுவது?

நெரினா

&nbsp;

ரோம்
20 மார்ச் 1973

நெரினா,

படம் எப்படிப் போனது என்று கேட்டு உன் தந்தி வந்தபோது நான் வினியோகஸ்தரின் அறையில் இருந்தேன். அந்த ஆளைப் பற்றிக் கடைசியில் சொல்கிறேன்.

படம் சனிக்கிழமை வெளிவந்தது. பெரிய தியேட்டர் எதுவும் எடுக்கவில்லை. எனக்குப் பழக்கமான இடங்கள்தான், நகரத்தின் ஓரத்தில், வெளியே பூசணி விதை விற்கிற தியேட்டர்கள். நான் பின்வரிசையில் நின்றேன். உனக்குத் தெரியும் அந்தக் கூட்டம். பேய் வந்தால் 'கதவைச் சாத்திட்டு வாடி, குளிருது' என்று கத்துவார்கள். இந்த முறையும் முதல் பாதியில் கத்தினார்கள். ஒருவன் ஜெர்மன்காரனின் மீசையைப் பற்றி ஏதோ சொன்னான், நானே சிரித்துவிட்டேன்.

பிறகு கொஞ்சம் கொஞ்சமாக அடங்கிவிட்டார்கள். உன் குரல் வேறு மாதிரி இருந்தது, நெரினா. முன்பெல்லாம் நீ பயமுறுத்துவாய். இதில் நீ யாருக்கோ பணிவிடை செய்வதுபோலப் பேசியிருக்கிறாய். விதை கொறிக்கும் சத்தம் நின்றது.

கடைசிக் காட்சியில் எதையும் பேச வேண்டாம் என்று நான் முடிவு செய்தது சரி. ஜன்னலில் அவள் திரும்புகிறாள், உதடு அசைகிறது, குரல் இல்லை. காற்று மட்டும். வினியோகஸ்தர் ஒலி அறுந்துவிட்டது என்று நினைத்து ஆபரேட்டர் அறைக்கு ஓடினார். தியேட்டரில் ஒருவரும் ஆபரேட்டரைத் திட்டவில்லை. விளக்குப் போட்ட பிறகும் உட்கார்ந்தே இருந்தார்கள். கிழவர் ஒருவர் பக்கத்தில் இருந்தவரிடம், "அது என்ன சொல்லுச்சு?" என்று கேட்டார். அவருக்கும் தெரியவில்லை.

அந்த வினியோகஸ்தர் இப்போது இதேபோல இன்னும் மூன்று வேண்டும் என்கிறார், குரலில்லாத பேய் என்று போஸ்டரே தயாராம். முடியாது என்றேன். என் வாழ்க்கையில் போஸ்டரை மறுத்தது இதுதான் முதல் தடவை. அடுத்த படத்தை ஒலிப்பதிவோடு எடுக்கிறேன். கேமராவுக்கு மெத்தையும் கம்பளியும் சுற்றி, நடிகர்கள் பேசுவது அங்கேயே பதிவாகிறது. எல்லாரும் என்னைப் பைத்தியம் என்கிறார்கள். பக்கத்துத் தோட்டத்துச் சேவல் கூவினால் மறுபடி எடுக்க வேண்டியிருக்கிறது. எடுக்கிறேன். என் முன்னால் நின்று ஒருவர் வாயைத் திறந்தால் என்ன சொல்கிறார் என்று கேட்காமல் இனி என்னால் முடியாது.

ஒரு உதவி. வருகிற ஞாயிறு மதியம் தொல்மெத்சோவில் படத்தைப் போடுகிறார்கள். அவள் ஊர் அங்கிருந்து ஒரு மலை தள்ளித்தான். எனக்குப் போகத் தைரியம் இல்லை. நீ பக்கத்தில் இருக்கிறாய்.

எத்தோரே

&nbsp;

திரியெஸ்தே
27 மார்ச் 1973

அன்புள்ள எத்தோரே,

போய்வந்தேன். நடந்ததை வரிசையாகச் சொல்கிறேன். நான் இன்னும் அதிலிருந்து வெளியே வரவில்லை.

மலையில் பனி கரையத் தொடங்கியிருக்கிறது, தெருவெல்லாம் சேறு. சின்னத் தியேட்டர், மர நாற்காலிகள். கூட்டம் இருந்தது. எங்கள் ஊர்ப் பெண் என்று வந்தவர்கள். முன்வரிசையில் ஒரு ஆள் தனியாக உட்கார்ந்திருந்தார். தலையை நிமிர்த்தி, கைகள் இரண்டையும் முழங்காலில் ஊன்றி, கண்ணை எடுக்காமல். கிணற்றடிக் காட்சி வந்தபோது அவர் கைகள் நாற்காலியை இறுகப் பிடித்தன. சாப்பாட்டு மேசைக் காட்சியில் குனிந்துவிட்டார். வேறு யாரும் அந்தக் காட்சிகளில் அசையவில்லை. அவருக்கு என் குரல் கேட்கவில்லை, அவள் சொல்வதுதான் கேட்கிறது என்று தோன்றியது.

படம் முடிந்து எல்லோரும் போனார்கள். அவர் அப்படியே இருந்தார். நான் பக்கத்தில் போய் ஏதோ சொன்னேன். அவர் திரும்பவில்லை. முன்னால் போய் நின்றபோதுதான் என் வாயைப் பார்த்தார்.

ஒர்சோலாவின் தம்பி, எத்தோரே. சுவான் என்று பெயர். மரம் அறுக்கும் ஆலையில் வேலை. குழந்தையில் வந்த காய்ச்சலில் இரண்டு காதும் போய்விட்டது. அவள் வாயை அவ்வளவு தெளிவாகத் திறந்து பேசியது உங்கள் கேமராவுக்காகவோ எனக்காகவோ அல்ல. வீட்டில் அவருக்காகப் பேசிப் பழகிய வாய் அது.

அவர் பேச்சு கரடுமுரடாக இருந்தது, ஆனால் புரிந்தது. என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "நீங்கதான் நெரினாவா?" என்றார்.

எல்லாப் படத்தையும் பார்த்திருக்கிறார். நான் படித்ததையெல்லாம் அவரும் படித்திருக்கிறார். ஈர விறகு, காலணி, புருஷன் போனது. "எனக்கு லெட்டர் எழுதவே மாட்டா. படம் வந்தா போய்ப் பாத்துக்குவேன். ஆனா பூரா உங்ககிட்டயே பேசிட்டிருப்பா" என்றார். குற்றம் சொல்வதுபோல இல்லை. ஆனால் டாக்டர் சொன்ன விஷயம் அவருக்கு அன்று மதியம்தான், அந்த நாற்காலியில் உட்கார்ந்துதான் தெரிந்திருக்கிறது. "எனக்குச் சொல்லல. உங்களுக்குச் சொல்லியிருக்கா" என்றபோது என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. அவளுடைய சேதி எனக்கு மட்டும் என்று இத்தனை வருஷம் வைத்திருந்தேனே, அதற்காக வெட்கமாக இருந்தது.

ஜன்னல் காட்சியைப் பற்றிக் கேட்டேன். அங்கே என்ன சொன்னாள்?

வெறும் திரையைத் திரும்பிப் பார்த்தார். பிறகு சொன்னார். சின்ன வயதில் இருவருக்கும் ஒரே அறை. விளக்கு இருக்கும்வரைதான் அவரால் அவள் பேசுவதைப் பார்க்க முடியும். இருட்டில் அவள் வாய் தெரியாது. பேச்சு நடுவில் அறுந்துபோனால் அவர் அழுவார். அதனால் ஒவ்வொரு நாளும் அணைப்பதற்கு முன்னால் அவரைப் பார்த்து அவள் அதைச் சொல்லிவிடுவாளாம், எங்கள் வீட்டுப் பேச்சில் இரண்டே சொல் என்றார்:

"விளக்க அணைக்கப்போறேன்."

அதைத்தான் ஜன்னலில் நின்று சொல்லியிருக்கிறாள். என்னிடம் அல்ல, அவரிடம்.

வெளியே வந்தோம். தியேட்டர்க்காரர் கதவைப் பூட்டினார். நான் பேருந்துக்கு நிற்க வேண்டும். அவரும் நின்றார். அவள் குரல் எப்படி இருக்கும் என்று என்னைக் கேட்பார் என்று பயந்தேன். டப்பிங் கூடத்துப் படிக்கட்டில் அன்று ஒருமுறை கேட்டதோடு சரி, நானும் மறந்துவிட்டேன். அவர் அதைக் கேட்கவில்லை. அவள் பேசும்போது தொண்டையில் கை வைத்துப் பார்ப்பாராம் சிறுவயதில். "உங்க குரல நான் பாக்கலாமா?" என்றார். நான் கழுத்துத் துணியை அவிழ்த்தேன். பனி ஒழுகும் கூரைக்குக் கீழே, மரத்தூள் ஏறிய அந்த விரல்களைத் தொண்டையில் வாங்கிக்கொண்டு, கல்லறையிலிருந்து அவள் எழும்போது நான் பேசும் வரிகளை, பத்து வருஷமாக இத்தாலி முழுக்கக் கேட்டுப் பயந்த அந்தக் குரலில் பேசினேன். பேருந்துக்கு நின்ற இரண்டு பெண்கள் பையை இறுக்கிக்கொண்டு தள்ளி நின்றார்கள்.

அவர் கண்ணை மூடிக்கொண்டு முழுவதையும் வாங்கிக்கொண்டார். பிறகு கையை எடுத்துவிட்டு, என் மனம் நோகுமோ என்று தயங்கித் தலையசைத்தார்.

"இல்லீங்க," என்றார். "அவளுது இன்னும் கீழ இருந்து வரும்."

நெரினா